கொலையாளியை எப்படி ஒளித்து வைக்கிறார்கள்? அகதா கிறிஸ்டியை வைத்து ஓர் எளிய விளக்கம்

துப்பறியும் நாவல் பற்றிப் பேச்சு வந்தால் இரண்டு கருத்துகள் தவறாமல் வந்துவிடும். "முக்கியமான விஷயத்தைக் கடைசி வரை சொல்லாமல் வைத்திருந்து, திடீரென்று ஒருவரைக் கொலைகாரர் என்று காட்டுவதுதானே, இதில் என்ன திறமை?" என்பது ஒன்று. இப்படியெல்லாம் எழுதுகிறவருக்குப் போலீஸ், நீதிமன்றம், குற்றவாளிகள் என்று நெருங்கிய பழக்கம் இருந்திருக்க வேண்டும் என்பது இன்னொன்று.

இரண்டும் தவறு என்று காட்ட அகதா கிறிஸ்டியை விடப் பொருத்தமான ஆள் கிடையாது. 1890 செப்டம்பர் 15 அன்று இங்கிலாந்தின் டெவன் பகுதியில், டார்க்கீ என்ற கடலோர ஊரில் பிறந்தவர். பெரும்பாலும் வீட்டிலேயே படித்தவர். கூச்ச சுபாவம், பாரிஸில் இசை கற்றும் மேடையேறி வாசிக்கத் துணிச்சல் வரவில்லை. காவல்துறையோடு அவருக்கு ஏற்பட்ட பெரிய அனுபவம் என்றால், ஒருமுறை போலீஸ் அவரையே தேடியதுதான். அந்தக் கதையைப் பிறகு சொல்கிறேன். இந்த மனிதர்தான் 66 துப்பறியும் நாவல்களும் 14 சிறுகதைத் தொகுப்புகளும் எழுதினார். உலகில் அதிகம் விற்ற புனைகதை எழுத்தாளர் என்று கின்னஸ் பதிவில் இருப்பவரும் அவர்தான்.

படிக்காதவர்கள் பயப்பட வேண்டாம். எந்த நாவலின் முடிவையும் இங்கே உடைக்கப் போவதில்லை.

## விடுகதையிலிருந்து தொடங்கலாம்

"அடிக்க மாட்டான், திட்ட மாட்டான், ஆனால் அழ வைப்பான். அவன் யார்?" விடை, வெங்காயம். சின்ன வயதில் எல்லோரும் கேட்டதுதான்.

இதில் சொன்னவர் எதையாவது மறைத்தாரா? இல்லை. வெங்காயம் அடிப்பதில்லை, திட்டுவதில்லை, அழ வைக்கிறது. ஒரு சொல்கூடப் பொய் இல்லை. ஆனால் "அவன்" என்றதும் நாம் ஒரு மனிதனைக் கற்பனை செய்துகொண்டோம். "அடிக்க", "திட்ட" என்ற சொற்கள் அந்தக் கற்பனையை இறுக்கிவிட்டன. வழி தவறியது நம் ஊகம்தான். விடையைக் கேட்டதும் "அட, ஆமாம்!" என்கிறோமே, அதற்குக் காரணம் விடை கேள்விக்குள்ளேயே இருந்ததுதான். எங்கிருந்தோ ஒரு விடையைக் கொண்டுவந்து போட்டிருந்தால் எரிச்சல்தான் வந்திருக்கும்.

நல்ல துப்பறியும் நாவலும் இப்படித்தான் வேலை செய்கிறது. முந்நூறு பக்கம் நீளும் என்பதால் விடுகதைக்குத் தேவைப்படாத சில கருவிகள் இதற்குத் தேவைப்படுகின்றன.

## மூன்று சொற்கள் போதும்

முதலாவது, துப்பு. கொலையாளியைச் சுட்டுகிற, வாசகரின் கண்ணில் படுகிற ஒரு தகவல். துப்பறிவாளருக்கு மட்டும் தெரிந்து வாசகருக்குத் தெரியாமல் போனால் அது கணக்கில் சேராது.

இரண்டாவது, பொய்த்தடம். வாசகரை வேறு பக்கம் இழுக்கிற தகவல். இதுவும் உண்மையான தகவல்தான், கொலைக்கும் அதற்கும் சம்பந்தம் இல்லை, அவ்வளவுதான். ஆனால் அதற்கும் ஒரு தனி விளக்கம் கடைசியில் கிடைத்தாக வேண்டும். அந்தரத்தில் விட்டால் ஏமாற்று வேலை.

மூன்றாவது, மூடிய வட்டம். தீவு, பனியில் சிக்கிய ரயில், கிராமத்து மாளிகை என்று வெளியாள் நுழைய முடியாத ஓர் இடம். கொலை செய்தவர் இந்தப் பத்துப் பேரில் ஒருவர்தான் என்று வாசகருக்கு உறுதி கொடுப்பதற்காக வைப்பது. அழகுக்காக வைப்பது என்று பலர் நினைக்கிறார்கள். உண்மையில் அது வாசகரோடு போட்டுக்கொள்ளும் ஒப்பந்தம்.

## கையில் எடுத்துப் பார்த்தால்

பொதுவாகச் சொன்னால் பிடிபடாது. கிறிஸ்டியின் நாவலைப் பிரித்துக் காட்டினால் முடிவு தெரிந்துவிடும். எனவே அவர் பாணியில் ஒரு சின்னக் கதையை நானே கட்டிக் காட்டுகிறேன்.

ஓர் ஆங்கிலேயச் செல்வந்தர். செவ்வாய் மாலை தன் படிப்பறையில் இறந்து கிடக்கிறார். மதியம் கதவுக்கு வெளியே நின்று அவரோடு பேசியதாகச் செயலாளர் சொல்கிறார். பேசிய கையோடு செயலாளர் லண்டன் கிளம்பிவிட்டார். அவரை அங்கே பார்த்தவர்கள் பலர். ஆக, கொலை நடந்தது மதியத்துக்கும் மாலைக்கும் நடுவில். செயலாளர் மேல் சந்தேகமே இல்லை.

இரண்டாம் அத்தியாயத்தில் பணிப்பெண் புலம்புகிறாள்: "எத்தனை வேலைதான் பார்ப்பது? விடிந்ததும் எல்லா அறையிலும் பூ மாற்றணும், ஒரு நாள் தவறினாலும் அம்மா சும்மா விடமாட்டாங்க." அவளுடைய குணத்தைக் காட்டுகிற வசனம் என்று நினைத்துக் கடந்துபோகிறோம்.

ஐந்தாம் அத்தியாயத்தில் படிப்பறை வருணனை. கணப்படுப்பின் மேல் ஒரு கடிகாரம், இரண்டு பீங்கான் நாய்கள், தலை தொங்கிய ரோஜாக்கள், சாம்பலில் பாதி எரிந்த ஒரு கடிதம். துப்பறிவாளர் கடிதத்தைக் குனிந்து எடுக்கிறார். அந்த நேரம் பார்த்து மாடியிலிருந்து ஓர் அலறல்.

வாசகர் என்ன செய்வார்? கடிதத்தைப் பிடித்துக்கொள்வார். அது செல்வந்தரின் மருமகன் சூதாட்டக் கடனைப் பற்றி எழுதியது. பொய்த்தடம்.

உண்மையான துப்பு, தலை தொங்கிய ரோஜா. தினமும் காலையில் மாற்ற வேண்டிய பூ செவ்வாய்க்கிழமை மாற்றப்படவில்லை. ஏன்? காலையிலேயே அறை பூட்டியிருந்தது. எஜமானர் வேலையாக இருக்கிறார் போல என்று பணிப்பெண் திரும்பிவிட்டாள். அதை யாரும் அவளிடம் கேட்கவில்லை. அப்படியென்றால் செல்வந்தர் இறந்தது திங்கள் இரவு. செவ்வாய் மதியம் அவரோடு பேசியதாகச் சொன்ன ஒரே ஆள் யார்?

(பிரேதப் பரிசோதனையில் நேரம் தெரிந்துவிடாதா என்று கேட்பீர்கள். அந்தக் காலக் கதைகளில் வரும் டாக்டர்கள் இறந்த நேரத்தைத் தாராள மனசோடுதான் சொல்வார்கள்.)

இங்கே நடந்த வேலையைக் கவனியுங்கள். துப்பு இரண்டு துண்டாக உடைக்கப்பட்டு, மூன்று அத்தியாய இடைவெளியில் வைக்கப்பட்டது. ஒரு துண்டு புலம்பலுக்குள் போனது. மற்றது ஒரு பட்டியலின் நடுவில் போனது. பட்டியலின் கடைசிப் பொருளைத்தான் மனசு பிடித்துக்கொள்ளும். உடனே ஓர் அலறலை வைத்துக் கவனத்தைத் திருப்பியாயிற்று. எதுவும் மறைக்கப்படவில்லை. எதற்கு எவ்வளவு முக்கியத்துவம் கொடுப்பது என்பதில்தான் வாசகர் ஏமாந்தார்.

இதுவரை பார்த்ததை ஒருமுறை திரும்பச் சொன்னால்: எழுத்தாளர் தகவலைப் பூட்டி வைப்பதில்லை, அதன் எடையை மாற்றிக் காட்டுகிறார். விடை தெரிந்த பிறகு முன்பு படித்த பக்கங்கள் எல்லாம் வேறு அர்த்தம் கொடுக்க வேண்டும். கொடுக்காவிட்டால் அது மோசமான நாவல்.

## மருந்துக்கூடத்தில் கிடைத்த பயிற்சி

சரி, போலீஸ் அனுபவமே இல்லாதவர் இதை எங்கே கற்றார்?

முதல் உலகப் போர் வந்ததும் டார்க்கீ நகர மன்றக் கட்டடம் மருத்துவமனையாக மாறியது. அகதா அங்கே தன்னார்வத் தாதியாகச் சேர்ந்தார். பிறகு மருந்துக்கூடத்துக்கு மாறினார். 1917-ல் மருந்தாளுநருக்கு உதவியாளராகும் தேர்விலும் தேறினார். சுற்றிலும் அலமாரிகளில் நஞ்சு. வேலை இல்லாத நேரம் நிறைய. துப்பறியும் கதை எழுத உன்னால் முடியாது என்று அக்காள் மேட்ஜ் எப்போதோ விட்ட சவாலும் மனசில் இருந்தது.

பயிற்சிக்காக ஊரிலிருந்த ஒரு மருந்துக்கடைக்காரரிடம் போனதைத் தன் வரலாற்றில் எழுதியிருக்கிறார். ஒருநாள் அந்த மனிதர் மருந்து கலந்துகொண்டிருந்தார். கணக்கில் தசமப் புள்ளி ஓரிடம் தள்ளிவிட்டது. அளவு பத்து மடங்கு! கற்றுக்கொள்ள வந்த இளம்பெண் பெரிய மனிதரிடம் "தப்பு" என்று எப்படிச் சொல்வது? அகதா கால் தடுக்கியதுபோல் மோதி, செய்து வைத்த மருந்தையெல்லாம் கீழே தள்ளி, நன்றாக மிதித்தும் விட்டார். அப்புறம் பணிவாக மன்னிப்புக் கேட்டார்.

அதே மனிதர் கியூராரே என்ற கொடிய நஞ்சின் ஒரு கட்டியைச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டே திரிந்தவர். ஏன் என்றால், அது தன்னிடம் பலம் இருப்பதுபோல் உணர வைக்கிறதாம். சாதுவான முகம், மரியாதையான பேச்சு, பையில் மரணம். பல பத்தாண்டுகள் கழித்து இவர் ஒரு நாவலுக்கு விதையானார். எந்த நாவல் என்று சொன்னால் பாதி முடிவைச் சொன்னதாகிவிடும்.

கிறிஸ்டி நஞ்சை விரும்பியதற்கு அறிவு மட்டும் காரணம் இல்லை. துப்பாக்கி சுட்டால் அந்த நொடியே மரணம். அந்த நொடி யார் எங்கே இருந்தார்கள் என்று கேட்டால் போதும். நஞ்சில் செயலும் விளைவும் பிரிந்துவிடுகின்றன. காலையில் கலந்தது இரவில் கொல்லலாம். கலந்தவர் அப்போது வேறு ஊரில் இருக்கலாம். ஆயுதமும் வெளியிலிருந்து வர வேண்டியதில்லை. கட்டிலருகே இருக்கிற மருந்துப் புட்டியே போதும். கண்முன்னே வைத்து ஒளிக்கிற எழுத்தாளருக்கு இதைவிட வசதியான கருவி ஏது?

முதல் நாவலை 1916-ல் எழுதினார். பல பதிப்பகங்கள் திருப்பி அனுப்பின. கடைசியில் பாட்லி ஹெட் பதிப்பகம் எடுத்துக்கொண்டது, முடிவை மாற்றி எழுதச் சொல்லி. டார்க்கீக்கு வந்திருந்த பெல்ஜிய அகதிகளைப் பார்த்து உருவாக்கிய துப்பறிவாளர் எர்க்யூல் புவாரோ இப்படித்தான் 1920-ல் அச்சேறினார். இலக்கிய மதிப்புரைகளைவிட அகதாவுக்கு அதிக மகிழ்ச்சி தந்தது ஒரு மருந்தியல் இதழின் பாராட்டு: நஞ்சைப் பற்றிச் சரியாக எழுதியிருக்கிறார் என்று.

அந்தத் துல்லியம் வெறும் அலங்காரம் இல்லை. 1977-ல் லண்டனில் ஒரு மருத்துவமனைக்குக் கத்தாரிலிருந்து ஒரு குழந்தையைக் கொண்டுவந்தார்கள். என்ன நோய் என்று டாக்டர்களுக்குப் பிடிபடவில்லை. 1961-ல் வந்த 'த பேல் ஹார்ஸ்' நாவலைப் படித்துக்கொண்டிருந்த ஒரு தாதிக்கு, அதில் வரும் அறிகுறிகள்தான் இவை என்று தோன்றியது. சோதித்துப் பார்த்தால் அதே நஞ்சு. குழந்தை பிழைத்தது.

## ஆட்டத்துக்கு விதிகள் உண்டு

இரண்டு உலகப் போர்களுக்கும் இடைப்பட்ட ஆண்டுகளைத் துப்பறியும் நாவலின் பொற்காலம் என்பார்கள். வாசகரும் எழுத்தாளரும் சமமாக மோதும் விளையாட்டாக அன்று இதைப் பார்த்தார்கள். துப்பறிவாளருக்குத் தெரிந்த அத்தனையும் வாசகருக்கும் தெரிய வேண்டும் என்ற இந்தக் கொள்கையை நியாய ஆட்டம் என்று சொல்லலாம்.

கத்தோலிக்கப் பாதிரியாரும் எழுத்தாளருமான ரொனால்ட் நாக்ஸ் 1929-ல் பத்து விதிகளே எழுதினார். ரகசிய வழி ஒன்றுக்கு மேல் கூடாது, இன்னும் கண்டுபிடிக்கப்படாத நஞ்சு கூடாது, தற்செயல் துப்பறிவாளருக்கு உதவக் கூடாது, இப்படி. 1930-ல் தொடங்கிய, துப்பறியும் எழுத்தாளர்களின் சங்கமான டிடெக்‌ஷன் கிளப்பில் சேருகிறவர்கள் தெய்வ வாக்கு, உள்ளுணர்வு, தற்செயல் ஆகியவற்றை நம்பிக் கதையை முடிக்க மாட்டோம் என்று விளையாட்டும் வினையுமாக உறுதிமொழி எடுத்தார்கள். கிறிஸ்டியும் உறுப்பினர், 1957 முதல் இறக்கும்வரை அவர்தான் தலைவர்.

ஆனால் விதியின் ஓரத்தில் நடப்பதில் அவரை மிஞ்ச ஆள் இல்லை. 1926-ல் வந்த 'த மர்டர் ஆஃப் ரோஜர் ஆக்ராய்ட்' வாசகர்களை இரண்டாகப் பிளந்தது. அநியாயம் என்று சிலர் கொதித்தார்கள். என் கருத்தில் அதுதான் நியாய ஆட்டத்துக்கு ஆகச் சிறந்த உதாரணம். முடித்துவிட்டு மறுபடி படித்துப் பாருங்கள், ஒரு பொய் வாக்கியம் அகப்படாது. விதிகளில் எழுதப்படாத, நாமாக வைத்துக்கொண்ட ஒரு நம்பிக்கையைத்தான் அவர் உடைத்தார்.

சுருக்கமாக: துப்புகள் எல்லாம் மேசைமேல் இருக்க வேண்டும், தற்செயல் உதவக் கூடாது. அதற்குள் எவ்வளவு வேண்டுமானாலும் திசைதிருப்பலாம்.

## அந்தப் பதினொரு நாட்கள்

கிறிஸ்டியைப் படிக்காதவர்களுக்குக்கூடத் தெரிந்த கதை இது. தாயின் மரணம், இன்னொரு பெண்ணை விரும்புவதாகச் சொல்லி விவாகரத்துக் கேட்ட கணவர் என்று 1926 அவருக்கு மோசமான ஆண்டு. டிசம்பர் 3 இரவு காரை எடுத்துக்கொண்டு வீட்டை விட்டுப் போனார். சர்ரே பகுதியில் நியூலேண்ட்ஸ் கார்னர் அருகே கார் தனியாக நின்றது. போலீஸும் பொதுமக்களும் புதர் புதராகத் தேடினார்கள். ஷெர்லாக் ஹோம்ஸைப் படைத்த கோனன் டாயில், ஆவிகளோடு பேசுவதாகச் சொல்லும் ஒருவரிடம் அகதாவின் கையுறையைக் கொடுத்துக் கேட்டார். டிசம்பர் 14 அன்று யார்க்‌ஷயரில் ஹாரோகேட் ஊரின் ஒரு ஹோட்டலில் அவரைக் கண்டுபிடித்தார்கள். கணவர் விரும்பிய பெண்ணின் குடும்பப் பெயரைச் சொல்லி அறை எடுத்திருந்தார்.

நினைவு தப்பிவிட்டது என்றார் கணவர். விளம்பரத்துக்காகச் செய்தார் என்று இன்றும் பேசுகிறார்கள். கிறிஸ்டி தன் வரலாற்றில் இதைப் பற்றி ஒரு வரிகூட எழுதவில்லை. பத்திரிகைகாரர்களைப் பார்த்தாலே ஒதுங்குகிறவர், தன் குடும்பம் உடைவதை ஊர் பார்க்க விளம்பரமாக்கினார் என்பதை என்னால் நம்ப முடியவில்லை. எல்லாவற்றுக்கும் ஒரு சாமர்த்தியமான விடை இருந்தாக வேண்டும் என்ற பழக்கத்தை அவருடைய நாவல்களே நமக்கு ஊட்டிவிட்டன.

தொழில் வாழ்க்கையைப் பொறுத்தவரை முக்கியமானது அதற்குப் பிறகு நடந்தது. பணம் தேவை, மனசு சரியில்லை, எழுதப் பிடிக்கவில்லை. அப்படியும் 'த மிஸ்டரி ஆஃப் த புளூ டிரெய்ன்' நாவலை முடித்து 1928-ல் கொடுத்தார். அந்தப் புத்தகத்தை அவருக்குக் கடைசிவரை பிடிக்காது. ஆனால் எழுதத் தோன்றாதபோதும் எழுதியாக வேண்டும் என்ற நிலை வந்தபோதுதான் பொழுதுபோக்காக எழுதியவர் தொழில்முறை எழுத்தாளரானதாக அவரே சொல்கிறார்.

## தொழில் எப்படி ஓடியது

முதல் புத்தகத்தில் அவர் கைக்கு வந்தது 25 பவுண்டு. அடுத்த ஐந்து புத்தகங்களையும் அதே பதிப்பகத்துக்கே தர வேண்டும் என்ற ஒப்பந்தத்தில் விவரம் தெரியாமல் கையெழுத்துப் போட்டிருந்தார். 'த மேன் இன் த பிரவுன் சூட்' கதையைத் தொடராக வெளியிட ஈவ்னிங் நியூஸ் நாளிதழ் 500 பவுண்டு கொடுத்தபோதுதான் இது வருமானம் தரும் வேலை என்று புரிந்தது. மோரிஸ் கவுலி கார் ஒன்று வாங்கிக்கொண்டார்.

எழுதுவதற்கென்று தனி அறை நெடுங்காலம் வைத்துக்கொள்ளவில்லை. டைப்ரைட்டர் வைக்க ஆடாத மேசை ஒன்று போதும். படிவங்களில் தொழில் என்ற இடத்தில் "மணமான பெண்" என்றுதான் எழுதுவாராம். அவர் விட்டுப்போன நோட்டுப் புத்தகங்கள் எழுபதுக்கு மேல். கொலைத் திட்டத்துக்குப் பக்கத்திலேயே வீட்டுச் சாமான் பட்டியல் கிடக்கிறது. ஒரே கதைக்கு இவரைக் கொலையாளி ஆக்கினால் என்ன, அவரை ஆக்கினால் என்ன என்று மாற்றி மாற்றிப் பார்த்திருப்பதும் அவற்றில் தெரிகிறது. விடையை முடிவு செய்த பிறகே துப்புகளைப் பின்னோக்கி விதைக்க முடியும். இந்த வேலையை வாசகர் ஒருபோதும் பார்ப்பதில்லை.

1928-ல் ஓரியண்ட் எக்ஸ்பிரஸ் ரயிலேறித் தனியாகப் பாக்தாத் போனார். இரண்டு ஆண்டு கழித்து ஈராக்கில் 'ஊர்' (Ur) என்ற பெயருள்ள புராதன நகரின் அகழாய்வில், தன்னைவிட இளையவரான தொல்லியலாளர் மேக்ஸ் மாலோவனைச் சந்தித்தார். அதே ஆண்டு இரண்டாவது திருமணம். அதற்குப் பிறகு ஈராக்கிலும் சிரியாவிலும் கணவரோடு அகழாய்வுக் களத்தில் பல பருவங்கள். நிம்ரூத்தில் கிடைத்த தந்தச் சிற்பங்களைத் தன் முகத்துக்குப் போடும் கிரீமை வைத்துத் துடைத்துச் சுத்தம் செய்தார்.

பணம் வந்த அளவுக்கு வரித் தொல்லையும் வந்தது. 1955-ல் தன் பெயரிலேயே ஒரு நிறுவனம் அமைத்துப் படைப்புகளின் உரிமையை அதற்கு மாற்றினார். 1952 நவம்பர் 25 அன்று லண்டனில் தொடங்கிய 'த மவுஸ்டிராப்' நாடகத்தின் உரிமையைப் பேரனுக்குப் பரிசாகக் கொடுத்துவிட்டார். ஏதோ சில மாதம் ஓடும் என்றுதான் நினைத்தார். 2020 மார்ச்சில் கொரோனா வந்துதான் அதை நிறுத்தியது; மறு ஆண்டு திரும்பத் தொடங்கிவிட்டார்கள்.

## எதில் குறை

அமெரிக்க எழுத்தாளர் ரேமண்ட் சாண்ட்லர் 1944-ல் இந்த ஆங்கிலேயப் பாணியையே போட்டுத் தாக்கினார். உண்மையில் யாரும் இப்படிக் கொலை செய்வதில்லை என்பது அவர் வாதம். பாதி சரி. கிறிஸ்டியின் பாத்திரங்கள் பல நேரம் வெறும் அட்டைப் பொம்மைகள்தான்: ஓய்வுபெற்ற கர்னல், கோபக்கார வாரிசு, கிராமத்து டாக்டர். ஆனால் அந்தப் பொம்மைகளை அவர் வேண்டுமென்றேதான் வைக்கிறார் என்று எனக்குத் தோன்றும். "இவரை எனக்குத் தெரியும்" என்று வாசகர் கவனத்தைத் தளர்த்தினால்தான் வேலை நடக்கும். பிற இனத்தவரைப் பற்றிய அவர் காலத்து ஏளனங்களுக்கு அப்படிச் சமாதானம் கிடையாது. 1939-ல் வந்த அவருடைய மிகப் பிரபலமான நாவலின் பெயரையே இனவெறிச் சொல் என்பதால் மாற்ற வேண்டியிருந்தது.

## எதிலிருந்து படிக்கலாம்

மாற்றிய பெயரில் 'அண்ட் தென் தேர் வேர் நன்' என்று கிடைக்கிற அந்த நாவல்தான் மூடிய வட்டத்துக்குச் சரியான தொடக்கம். புவாரோ போல வழக்கை அவிழ்க்கிற துப்பறிவாளர் இல்லாத கதை. அடுத்து ரோஜர் ஆக்ராய்ட். தன் பாட்டியின் வட்டத்திலிருந்த கிழவிகளைப் பார்த்து உருவாக்கிய, துப்பறியும் மூதாட்டி மிஸ் மார்ப்பிளைச் சந்திக்க, 1930-ல் வந்த 'த மர்டர் அட் த விகாரேஜ்'. 'கர்ட்டன்' என்ற நாவலை மட்டும் கடைசிக்கு வையுங்கள். இரண்டாம் உலகப் போர்க் காலத்தில் எழுதிப் பெட்டகத்தில் பூட்டி வைத்து, தான் இறப்பதற்குச் சில மாதம் முன்பு 1975-ல் வெளிவிட்ட புவாரோவின் கடைசி வழக்கு அது. அதை ஒட்டி நியூயார்க் டைம்ஸ் முதல் பக்கத்திலேயே புவாரோவுக்கு இரங்கல் செய்தி போட்டது.

எதைப் படித்தாலும் முடித்த கையோடு முதல் மூன்று அத்தியாயங்களை மறுபடி புரட்டுங்கள். பட்டியல்களின் நடுவில் இருப்பதை மட்டும் பென்சிலால் குறித்துக்கொண்டே போங்கள்.